பேசாத படக் கேசட்

கருமத்தம்பட்டியில் பஸ் ஏறிய இரண்டு பெண்கள் என் முன் சீட்டில் உட்கார்ந்தார்கள்.

"பேசற படமே வேண்டாமுங்கக்கா," என்றாள் இளையவள். "பேசாத பழைய சிரிப்புப் படக் கேசட்டுத்தான் வேணும். கோயமுத்தூர்ல கடை கடையா ஏறியெறங்கியாச்சும் வாங்கிப்போட்டுத்தான் ஊட்டுக்குப் போவேன். கேசட்டுப் போட்டுப் பாக்க வாடகை டெக்குக்குக்கூடச் சொல்லியாச்சு."

"ஏனம்மணி, பேசாத படத்துல என்ன இருக்குது?"

"தறிச் சத்தத்துல எங்கூட்டுக்காரருக்குக் காது போயிருச்சுங்கல்ல. டிவி பாத்து நாங்க சிரிச்சா, எங்க மூஞ்சியப் பாத்துப்போட்டு அப்பறந்தான் அவரு சிரிப்பாரு. போன வாரம் இந்த மாதிரி ஒண்ணு போட்டாங்க. ஒருத்தன் ஏணியத் தோள்ல வெச்சுக்கிட்டுத் திரும்பறான், பின்னால நின்ன போலீஸ்காரன் தலைல அடி."

"அவரு சிரிச்சாரா?"

"ஏணி திரும்பறதுக்கு முன்னாலயே சிரிச்சுப்போட்டாருங்கக்கா. நாங்கதான் அவரு மூஞ்சியப் பாத்துட்டிருந்தோம்."