கரைக்குக் கீழே ஒரு கை களி

நாற்காலி வேண்டாம், ஐயா. நாற்பது வருஷம் மண் வெட்டிய இடுப்பு, தரையில் உட்கார்ந்தால்தான் அடங்கும். நேற்று விசாரணையில் அத்தாயி எல்லார் முன்னாலும் என்னை ஒரு கேள்வி கேட்டாள். “எங்க ஊட்டுல களி தின்னுட்டுக் கை கழுவப் போனீங்களே மேஸ்திரி, எங்கீங்க போனீங்க?” அதற்குப் பதிலை இன்று சொல்லிவிடுகிறேன். குமாஸ்தா எழுதிக்கொள்ளட்டும்.

என் பெயர் தங்கசாமி. நாமகிரிப்பேட்டைக்குத் தெற்கே கருங்காட்டு ஏரிக்கரையை உயர்த்திய மண்வேலைக்கு நான்தான் மேஸ்திரி. போன ஐப்பசியில் உடைந்தது அந்தக் கரைதான். கரைக்குக் கீழே கொட்டாய் போட்டிருந்த பதினான்கு குடும்பமும் என் ஆட்கள். அத்தாயியின் புருஷன் சென்றாயன் கரையை வெட்டிவிட்டான் என்று சர்க்கார் காகிதத்தில் இருக்கிறது. அதன் அடியில் இருப்பது என் கைநாட்டு.

மண்வேலையை எப்படி அளப்பார்கள் என்று சொல்கிறேன். குழி தோண்டும்போது நடுவில் ஒரு திட்டை மட்டும் தொடாமல் விடுவோம். தலையில் பழைய புல்லோடு அது தூண் மாதிரி நிற்கும். அதற்குச் சாட்சி என்று பேர். அது எவ்வளவு உயரமோ அவ்வளவு ஆழம் தோண்டியதாகக் கணக்கு. அதைப் பார்த்துத்தான் கரைக்குப் போன மண்ணை ஓவர்சீயர் தன் புத்தகத்தில் எழுதுவார்.

முதல் வாரமே ஓவர்சீயர் சரவணமுத்து என்னைத் தனியாகக் கூப்பிட்டார். “சாட்சி கொஞ்சம் வளரணும், மேஸ்திரி” என்றார். வளர்த்தேன். உச்சியில் ஒரு முழத்துக்குக் களிமண்ணை அப்பி, வேறு இடத்துப் புல்லை வேர்மண்ணோடு பெயர்த்து வைத்து, வாடாமல் இருக்க இரண்டு நாள் தண்ணீர் தெளித்தேன். சிரமமான வேலை இல்லை. வராத மண்ணுக்கு வந்த பணம் எங்கே போயிற்று என்று நான் கேட்கவில்லை. அவருக்கு மேலே ஒருவர், அந்த ஒருவருக்கு மேலே இன்னொருவர். எல்லாருக்கும் பிள்ளைகுட்டி உண்டு. எனக்கு ஒரு கறவை எருமை வந்தது.

கரை உயரம் குறைந்தால் கண்ணுக்குத் தெரிந்துவிடும். அதனால் உயரத்தில் கை வைக்கவில்லை. உள்ளே வேலமுள்ளும் பனையோலையும் அடைத்து மேலே மண்ணை மூடினோம். திமிசுக் கட்டை போட்டு இடித்தால் அமுங்கிவிடும் என்பதால் இடிக்கவும் விடவில்லை. ஓவர்சீயர் உத்தரவு என்று சொன்னேன். ஆட்கள் ஒன்றும் கேட்கவில்லை. கேட்ட இரண்டு பேருக்கு மறுநாள் வேலை இல்லை. அவர்கள் மேட்டூர் அணை வேலைக்கு நடந்தே போய்விட்டார்கள்.

சென்றாயன் மட்டும் கேலி பேசுவான். ஒரு நாள் குழிக்குள் நின்றுகொண்டு, “ஏனுங்க மேஸ்திரி, சாட்சிக்கு உருமாலை கட்டி மாப்பிள்ளையாக்கிட்டீங்களாட்டம் இருக்குது” என்றான். எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அன்று முதல் எனக்குப் பயம்.

பயத்தை நீங்கள் லேசாக எடுத்துக்கொள்ளக் கூடாது, ஐயா. எனக்கு எட்டு வயதில் என் அப்பன் குழியில் மண் சரிந்து செத்தான். இரண்டு பாதம்தான் வெளியே தெரிந்தது. மறுநாள் அதே குழியில் என் அம்மா கூடை தூக்கினாள். வேலை போனவன் வீடு எப்படி இருக்கும் என்று எனக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

ஐப்பசியில் மூன்று நாள் விடாமல் மழை. மூன்றாம் நாள் காலையில் சென்றாயன் ஒரு சொம்புத் தண்ணீரோடு ஓடிவந்தான். கரையின் அடியில் கசிந்ததைப் பிடித்து வந்திருந்தான். “பாருங்க மேஸ்திரி. தெளிஞ்ச தண்ணியா வந்தாப் பரவால்லீங்க. இது ராயிக்கூழாட்டம் வருது. உள்ளுக்குள்ள கரையுதுங்க. தமுக்கு அடிச்சு ஆளுகள மேட்டுக்கு ஏத்தீரலாமுங்க.”

தண்ணீரை விரலில் தொட்டுப் பார்த்தேன். அவன் சொன்னது சரி.

ஓவர்சீயரைக் கேட்டு வருகிறேன் என்று அவர் தங்கியிருந்த முசாபரி பங்களாவுக்குப் போனேன். அவர் வெற்றிலை போட்டுக்கொண்டிருந்தார். “என்ன மேஸ்திரி, நனைஞ்ச கோழியாட்டம் நடுங்கறே?”

“தண்ணி கலங்கி வருதுங்க.”

மெல்லுவதை நிறுத்திவிட்டார். எழுந்து கதவைச் சாத்தினார். “இப்ப ஆளுகள மேட்டுக்கு ஏத்தினா தாசில்தார் வருவார். வந்தா கரையத் தோண்டிப் பாப்பாங்க. தோண்டினா என்ன இருக்கும்னு உனக்குத் தெரியும்” என்றார். அவ்வளவுதான் சொன்னார். அவர் மேல் நான் பழி போட மாட்டேன். மீதியைத் திரும்பி வரும் வழியில் நானாகத்தான் யோசித்தேன்.

கரை நின்றால் தோண்டலாம். உடைந்து போனால் முள்ளும் ஓலையும் வெள்ளத்தோடு போய்விடும். பிறகு எதைத் தோண்டுவார்கள்?

நான் வந்தபோது பெண்கள் மூட்டை கட்டிக்கொண்டிருந்தார்கள். சென்றாயன் சொல்லிவிட்டிருந்தான். எங்கள் கூட்டத்தில் ஒரு வழக்கம் உண்டு, ஐயா. கரை முடிந்த அன்று மேஸ்திரி கரைக்குக் கீழே உட்கார்ந்து முதல் சோறு தின்ன வேண்டும். கரை நிற்கும் என்று அவன் தன் உயிரை வைத்துச் சொல்கிற பேச்சு அது. அதற்கு மேல் ஆட்கள் எதையும் கேட்க மாட்டார்கள்.

அத்தாயியின் கொட்டாய்தான் கரைக்கு ரொம்பக் கிட்டத்தில் இருந்தது. கரை முடிந்த அன்று செய்ததைப் போலவே அதன் வாசலில் உட்கார்ந்தேன். “களி இருந்தாப் போடு அத்தாயி, பசிக்குது” என்றேன். அவள் என் முகத்தையே பார்த்தாள்.

“கரை நிக்குமுங்களா?”

“நிக்காட்டி இங்க உக்காந்து திம்பனா?”

அவள் களி உருண்டையைத் தட்டில் வைத்துக் கீரை ஊற்றினாள். அவள் மகள் உண்ணாமலைக்கு அப்போது ஐந்து வயது. அது என் எதிரில் குந்திக்கொண்டு நான் தின்பதை ஒவ்வொரு வாயாகப் பார்த்தது. ஒரு கை தின்றேன். சுற்றி நின்றவர்கள் மூட்டையை அவிழ்த்து அடுப்பை மூட்டினார்கள்.

சென்றாயனுக்கு மட்டும் சமாதானம் ஆகவில்லை. “கசியற எடத்துல முள்ளு வெச்சு மண்ணப் போட்டு அமுக்கு. நான் மணியக்காரரக் கூட்டிட்டு வாரேன்” என்று சொல்லி என் மண்வெட்டியையே அவன் கையில் கொடுத்தேன். பெண்டாட்டி பிள்ளை கீழே இருக்கிறார்கள் என்பதால் மறு பேச்சில்லாமல் கரைமேல் ஓடினான். கரை உடையும்போது அதன் மேல் மண்வெட்டியோடு ஒருவன் நிற்பது நல்லது என்று எனக்குத் தோன்றியிருந்தது.

அத்தாயி கேட்டதற்குப் பதில் இதுதான். கை கழுவிவிட்டு வருகிறேன் என்று எழுந்தவன் மேட்டில் இருக்கும் புளியமரத்துக்குப் போனேன். மணியக்காரரிடம் போகவில்லை. அங்கிருந்து பார்த்தால் பதினான்கு கொட்டாயிலும் புகை எழும்புவது தெரிந்தது. கூப்பிட்டால் கேட்கும் தூரம். ஒரு நாழிகைக்கு மேல் நின்றேன். அப்போது நான் பட்ட பயத்தை வேறு யாரும் பட்டிருக்க மாட்டார்கள்.

கரை உடைந்த சத்தம் பெரிதாக இல்லை. இருபத்திரண்டு பேர் போனார்கள். அத்தாயியை வெள்ளம் பனந்தோப்பில் ஒதுக்கியது. குழந்தை அவள் கையில் இல்லை. சென்றாயனை மறுநாள் கரம்பைச் சேற்றில் புதைந்து கிடக்கக் கண்டெடுத்தார்கள். எட்டு ஆள் சேர்ந்து இழுக்க வேண்டியிருந்தது. அன்று சாயங்காலமே காகிதத்தை நீட்டினார்கள், கைநாட்டு வைத்தேன்.

வெட்டி உடைத்த கரைக்குச் சர்க்கார் ஈடு தராது என்றார்கள். ஏரிக்குக் கீழே மணல் மூடிய ஊர்க்காரர்கள் வயலுக்கும் வரி வாங்கினார்கள். வரி கட்ட முடியாதவர்கள் ஏற்காட்டுக் காப்பித் தோட்டத்துக்குப் போய்விட்டார்கள். இருப்பவர்கள், கரையை வெட்டினவன் பெண்டாட்டி என்று அத்தாயியைக் கிணற்றில் தண்ணீர் எடுக்க விடுவதில்லை. என்னைக் கண்டால் மட்டும் கும்பிடுகிறார்கள். அது எனக்குக் கஷ்டமாகத்தான் இருக்கிறது.

சென்றாயன் கரையை வெட்டவில்லை. அவன் அடைக்கத்தான் போனான். அனுப்பியவன் நான். மற்றவர்களைக் கீழே உட்கார வைத்தவனும் நான்தான். எழுதியாயிற்றா? எங்கே கைநாட்டு வைக்க வேண்டும் என்று காட்டுங்கள்.

தை பிறந்ததும் புதுக் கரை போடப் போவதாகக் கேள்விப்பட்டேன். வேறு மேஸ்திரியைப் போட்டுவிடாதீர்கள், ஐயா. பயந்துபோன சனம். நான் சொன்னால்தான் அவர்கள் மறுபடியும் கரைக்குக் கீழே குடிவருவார்கள்.