மூன்று மிஷினில் நிறுத்த பை

என் பெயர் இருசம்மாள். வயது நாற்பத்தைந்து. கணவர் மாரி இறந்து ஒன்பது வருடம் ஆகிறது. ஆரம்பாக்கம் ஏரிக்கரைக் காலனியில் குடியிருக்கிறேன். ஏரியில் இடுப்பளவுத் தண்ணீரில் இறங்கிக் கையால் தடவி இறால் பிடிப்பது என் தொழில். பிடித்ததை இருபது வருடமாக, கரையில் கொட்டகை போட்டிருக்கும் வியாபாரி லோகநாதனிடமே போட்டு வருகிறேன். அவரை அடித்தது நான்தான். ஏன் அடித்தாய் என்று ஸ்டேஷனில் கேட்டதால் நடந்ததைச் சொல்கிறேன்.

என் ஒரே மகள் செவ்வந்தி, வயது இருபத்திரண்டு, குஜராத்தில் ஒரு இறால் கம்பெனியில் தலை கிள்ளும் வேலைக்குப் போயிருந்தாள். போன மாதம் ஒரு திங்கட்கிழமை அவளுடன் தங்கியிருந்த ஜமுனா போன் செய்து, ஐஸ் ரூமில் கேஸ் கசிந்து செவ்வந்திக்கு நெஞ்சு வெந்துவிட்டது, ஆஸ்பத்திரியில் சேர்த்திருக்கிறோம் என்றாள். "அத்த, உன்னயேதான் கேக்குது. சீக்கிரம் வந்துடு" என்றாள். ரயிலில் போனால் இரண்டு நாள் ஆகும் என்பதால் காதுத் தோட்டை விற்று விமானத்தில் போக முடிவு செய்தேன்.

அதன் பிறகு பஜாரில் கம்ப்யூட்டர் கடை வைத்திருக்கும் கார்த்திக்கிடம் போய், இருப்பதிலேயே விலை குறைந்த டிக்கெட்டைப் போடச் சொன்னேன். ஜன்னல் சீட்டுக்குத் தனிக் காசு, சாப்பாட்டுக்குத் தனிக் காசு, பெட்டி போட்டால் அதற்கும் தனிக் காசு என்று ஒவ்வொன்றாகப் படித்துக் காட்டினான். எல்லாவற்றையும் வேண்டாம் என்றேன். "டிக்கெட்ட கம்மியா காட்டி இஸ்துக்குவான்க்கா, அவனுக்கு லாபமே இதுலதான். கைப்பை ஏழு கிலோ தாண்டாம பாத்துக்கோ" என்று சொன்னான். எனக்கு இது புதிதாகத் தெரியவில்லை. எங்கள் வியாபாரியும் இறாலுக்கு நல்ல விலை சொல்லிவிட்டு ஐசுக்கு, கூடைக்கு என்று பிடித்துக்கொள்கிறவர்தான்.

மறுநாள் விடியற்காலையில் பையை எடுத்துக்கொண்டு லோகநாதனின் கொட்டகைக்குப் போய் அவருடைய எடை மிஷினில் வைத்தேன். சரியாக ஏழு கிலோ காட்டியது. அதில் இரண்டு புடவை, அரிசி மாவு, செவ்வந்திக்குப் பிடித்த காய்ந்த இறால் ஆகியவை இருந்தன.

விமானம் மதியம் ஒன்று நாற்பதுக்கு. நான் ஒன்பதரைக்கே விமான நிலையத்தில் போய் நின்றேன். கவுண்டர் திறந்து என் முறை வரும்போது பதினொன்று ஐம்பது. விமானத்தில் ஏறும் சீட்டைப் போனிலேயே எடுத்திருந்தால் காசில்லை, இங்கே எடுத்தால் இருநூறு என்றார்கள். கொடுத்தேன். அதன் பிறகு பையை வைக்கச் சொன்னார்கள். எட்டரை கிலோ காட்டியது. இரண்டாயிரத்து எழுநூறு கட்டச் சொன்னார்கள். என்னிடம் அவ்வளவு இல்லை. ஷாலினி என்று சட்டையில் பெயர் குத்தியிருந்த பெண், "சாமான கொறச்சினு திரும்ப லைன்ல வாங்கம்மா" என்றது.

அப்போதே குறைத்திருந்தால் போயிருப்பேன். நான் குறைக்கவில்லை. சண்டை போட்டேன். "உங்க மிஷின்தான் தப்பு. எங்க ஊர்ல இருவது வருசமா நிறுக்கிற மிஷின்ல ஏழுதான் காட்டுச்சி" என்று கத்தினேன். அந்தப் பெண் பக்கத்துக் கவுண்டரில் வைத்தது, எட்டரை. அதற்கடுத்ததில் வைக்கச் சொன்னேன், அதிலும் எட்டரை. "விட்டா எங்க சம்பளத்துல புடிப்பாங்கம்மா. ஒரு நாளைக்கு இத்தன பைக்குக் காசு வாங்கணும்னு எழுதியே வச்சிருக்காங்க" என்று என் காதோரம் சொன்னது. மூன்று மிஷினும் கூடிப் பேசிப் பொய் சொல்லாது என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது.

அதன் பிறகு காய்ந்த இறாலையும் மாவையும் குப்பைத் தொட்டியில் போட்டுவிட்டு வரிசையின் கடைசியில் போய் நின்றேன். எனக்கு முன்னால் நான்கு பேர் இருக்கும்போது பன்னிரண்டு நாற்பது ஆனது என்று கவுண்டரை மூடிவிட்டார்கள். அடுத்த விமானத்துக்கு ஒன்பதாயிரத்து எண்ணூறு, பழைய டிக்கெட்டுக்குப் பணம் வராது என்றார்கள். சென்ட்ரலுக்குப் போய் ரயில் ஏறினேன். மறுநாள் மாலை ரயிலில் இருக்கும்போது ஜமுனா போன் செய்தாள். செவ்வந்தி கடைசி வரைக்கும், "அம்மா ஏறுன ஏரோப்ளேன் எறங்கிட்சா" என்று கேட்டுக்கொண்டே இருந்தாளாம். போய்ச் சேர்ந்து, அங்கேயே புதைத்துவிட்டு வந்தேன்.

ஊர் திரும்பிய பிறகு, நேற்று காலை பத்து மணிக்குக் கடையில் சீல் பிரிக்காத ஐந்து கிலோ அரிசிப் பை வாங்கிப் போய் லோகநாதனின் மிஷினில் வைத்தேன். நாலு கிலோ நூறு கிராம் காட்டியது. இது என்ன என்று கேட்டேன். "எறால்ல தண்ணி வடியாதா? எல்லா கொட்டாயிலயும் இப்டித்தான். அதுக்கு நான் இன்னா, உன் பொண்ண சாவடிச்சனா?" என்றார். இருபது வருட இறால் போனதைக்கூட விட்டிருப்பேன். அந்த மிஷினை நம்பி நான் சண்டை போட்ட நேரத்தில் என் பிள்ளை என்னைக் கேட்டுக்கொண்டு கிடந்தாள். மிஷினைத் தூக்கி அவர் தோளில் அடித்தேன். எலும்பு முறிந்ததாகச் சொல்கிறார்கள். அதன் பிறகு ஓடாமல் அங்கேயே உட்கார்ந்திருந்தேன்.

எழுதியதை ஏட்டு அய்யா படித்துக் காட்டினார். ஓரிடத்தில், விமான நிலையத்துக்குத் தாமதமாகச் சென்றதால் என்று இருந்தது. விமானக் கம்பெனி கொடுத்த காகிதத்தில் அப்படித்தான் இருக்கிறது என்றார். அதை அடிக்கச் சொன்னேன். நாலு மணி நேரம் முன்பே போய் நின்றேன். அடித்ததற்கு என்ன தண்டனை கொடுத்தாலும் வாங்கிக்கொள்கிறேன், செவ்வந்தியின் அம்மா தாமதமாகப் போனாள் என்று மட்டும் எந்தக் காகிதத்திலும் இருக்கக் கூடாது. அய்யா அதை அடித்துத் திருத்தி மறுபடி படித்தார். இப்போது உள்ளது உள்ளபடி இருக்கிறது.

(இடது கைப் பெருவிரல் ரேகை)
இருசம்மாள்