பைகளைக் கீழே வைத்துவிட்டு வாருங்கள்

நடந்துகொண்டே சாப்பிட்டால் செரிக்காது என்பது பொய். பதினொரு வருடமாக ஆட்களை நடக்கவைத்துச் சாப்பிட வைத்திருக்கிறேன், ஒருவர்கூட வயிற்றைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்ததில்லை. மாலை நான்கு மணிக்குப் பாலத்தடியில் கிளம்புவோம். ஆறு கடை, மூன்று மணி நேரம். எட்டுப் பேருக்கு மேல் சேர்க்கமாட்டேன். ரொட்டிக்கடையில் எவ்வளவு கொடுத்தால் மாடிக்கடை மீனுக்குப் பசி மிச்சமிருக்கும் என்பதை என் சொந்த வயிற்றை வைத்துத்தான் கண்டுபிடித்தேன். அதற்கே ஒரு வருடம் ஆயிற்று.

நீங்கள் தாளும் பேனாவும் கொடுத்து, நடந்ததை நடந்தபடி எழுதச் சொன்னீர்கள். எழுதுகிறேன் மேடம். மாடிக்கடை அக்காவை ஒன்பது நாளாக உள்ளே வைத்திருக்கிறீர்கள். அவர் தங்கமான மனுஷி. அவர்மேல் தப்பில்லை. நான் நியாயம் பார்க்கிறவன் என்பதால் இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

என் மனைவியின் தம்பியைப் பற்றிச் சொல்லாவிட்டால் உங்களுக்குப் புரியாது. மூன்று வருடம் என்னோடு நடந்தான். கடைசி ஆள் தொலைந்துபோகாமல் பார்த்துக்கொள்வது அவன் வேலை. மச்சான் மச்சான் என்று சுற்றிச்சுற்றி வந்தவன், ஒரு நாள் அதே ஆறு கடைக்கு, அதே வரிசையில், என் நகைச்சுவைகளையே சொல்லிக்கொண்டு ஆட்களைக் கூட்டிக்கொண்டு போனான். கூடவே இருந்து குழி பறித்தான் என்பார்களே, அதுதான். இரண்டு கடைகள் என்னைக் கைவிட்டன. வேறு இரண்டு கடையைத் தேடிப்பிடித்து, வழியை மாற்றி, வாயில் ருசி ஒட்டாமல் போகும்வரை தின்று பார்த்து, மறுபடி ஒரு சுற்றை உருவாக்கினேன். அதையும் பறிகொடுத்தால் எனக்கு வேறு பிழைப்பு இல்லை. எனக்கு ஐம்பத்து மூன்று வயது. இன்னொரு முறை முதலிலிருந்து ஆரம்பிக்கத் தெம்பில்லை.

அன்றிலிருந்து வருகிறவர்களை உற்றுப் பார்க்கப் பழகினேன். பசியில்லை என்கிறவர் வேறு எங்கோ சுற்றிவிட்டு வந்திருப்பார். படம் எடுக்காதவர் எதையோ மனப்பாடம் செய்கிறார். அதிகம் பாராட்டுகிறவரை நம்பவே கூடாது.

நான் நோட்டுக்காரர் என்று பெயர் வைத்தவர் தனியாக வந்தார். சாப்பாட்டுச் சுற்றுக்கு ஜோடியாக வருவார்கள், கூட்டமாக வருவார்கள். தனியாக யார் வருவார்கள்? ஒவ்வொரு கடையிலும் சாப்பிட்டு முடித்ததும் சுவர்ப்பக்கம் திரும்பி, சட்டைப் பையிலிருந்து சின்ன நோட்டு ஒன்றை எடுத்து எழுதுவார். நான் கிட்டே போனால் உள்ளங்கையால் மூடிக்கொள்வார். பரீட்சையில் பக்கத்துப் பையனுக்குக் காட்டாமல் எழுதுகிற மாதிரி.

இரண்டு வாரத்தில் மறுபடி வந்தார். சூப்புக்கடையில் நான் சொல்லும் நகைச்சுவைக்கு மறுபடியும் சிரித்தார். மேடம், என் நகைச்சுவைக்கு என் மனைவியே இரண்டாவது முறை சிரித்ததில்லை. மூன்றாவது தடவை, நான் வாயைத் திறப்பதற்கு முன்பே ரொட்டிக்கடை அடுப்பின் கதையைப் பக்கத்திலிருந்த பெண்மணிக்குச் சொல்லிக்கொண்டிருந்தார். ஒரு சொல் பிசகவில்லை.

வீட்டில் சொன்னேன். "உன் தம்பி ஆள் அனுப்பியிருக்கான்."

"அவன் அந்தத் தொழிலை விட்டே ஆறு மாசமாச்சு. கிடங்குல வண்டி ஓட்டுறான். உங்களுக்கு யாரைப் பாத்தாலும் சந்தேகம்" என்றாள் மனைவி.

"அப்படிச் சொல்லச் சொல்லி உன்கிட்ட சொல்லியிருப்பான்."

"நீங்களே போய்ப் பாருங்களேன். உங்களுக்கு நிம்மதியா இருக்கும்ல."

போய்ப் பார்த்தேன். கிடங்கின் வாசலில் மச்சினன் சீருடையில் நின்று சரக்கு இறக்கிக்கொண்டிருந்தான். என்னைக் கண்டதும் கையசைத்தான். சீருடை புத்தம்புதிதாக இருந்தது. ஆறு மாதம் உழைத்த துணி அப்படி இருக்காது.

நோட்டுக்காரருக்கு வேர்க்கடலை ஆகாது. முதல் நாளே படிவத்தில் எழுதி, அடியில் இரண்டு கோடு போட்டிருந்தார். அதோடு விடவில்லை. என்னைத் தனியே கூப்பிட்டு, தன் பையின் வெளி அறையிலிருந்து பேனா போன்ற ஊசி ஒன்றை எடுத்துக் காட்டினார்.

"எனக்கு ஏதாவதுன்னா இதைத் தொடையில குத்தணும். பேன்ட்டுக்கு மேலயே குத்தலாம், பயப்படாதீங்க. நீங்க பக்கத்துல இருந்தா எனக்குத் தைரியம்."

பார்த்த முதல் நாளே ஒருவர் தன் உயிரை இப்படிக் கையில் கொடுப்பாரா? என் கவனத்தைச் சோதிக்கிறார் என்று அப்போதே தோன்றியது. ஆனாலும் மூன்று முறையும் என் பக்கத்தில் குறை வைக்கவில்லை.

எங்கள் தொழிலில் இதற்கு ஒரு முறை உண்டு. நடுத்தெருவில் நின்று, இவருக்கு இது ஆகாது, அவருக்கு அது சேராது என்று கத்த முடியுமா? வந்தவர்களின் மானம் கப்பலேறிவிடும். அதனால் கடைக்காரர்களோடு விரலில் பேசுவோம். ஒரு விரல் காட்டினால் கடலை கூடாது. இரண்டு என்றால் பால். மூன்று என்றால் முட்டை. மூடிய கை என்றால் எல்லாருக்கும் எல்லாம் ஆகும். யாருக்கு என்பதை, உள்ளே நுழையும்போது அவர் தோளில் கைவைத்துக் காட்டிவிடுவேன். நாங்கள் தெருவில் வரும்போது மாடிக்கடை ஜன்னலிலிருந்து அக்கா கையை மட்டும்தான் பார்ப்பார். கையைப் பார்த்துவிட்டால் அடுப்படிக்குத் திரும்பிவிடுவார். அங்கே சுட்ட மீனின்மேல் ஊற்றும் குழம்பில் வேர்க்கடலை அரைத்து விடுவது வழக்கம். விரல் தெரிந்திருந்தால், நாங்கள் நுழையும்போது எட்டிப் பார்த்து யாருக்கு என்று தெரிந்துகொண்டு, அந்த ஒரு தட்டுக்கு மட்டும் தனியாகச் செய்வார்.

நோட்டுக்காரர் நான்காவது முறை வந்த நாளில், நான் மூடிய கையைக் காட்டினேன்.

மறதி என்று உங்களிடம் முதல் நாள் சொன்னேன். பதினொரு வருடத்தில் ஒரு மறதி யாருக்கும் வரும்தானே. நீங்களும் தலையாட்டினீர்கள். ஆனால் அக்கா வேறு ஒன்று சொல்லியிருக்கிறார் என்று நேற்றுச் சொன்னீர்கள். அவர் சொன்னது உண்மை. நாங்கள் உட்கார்ந்த பிறகு அடுப்படியிலிருந்து எட்டிப் பார்த்து என்னைக் கூப்பிட்டார்.

"தம்பி, அந்த மூலையில இருக்கிறவருக்குத்தானே போன தடவை கடலை வேணாம்னீங்க?"

"அது வேற ஆளு அக்கா" என்றேன்.

"முகம் அதே மாதிரி இருக்கே."

"ஒரே மாதிரி ஏழு பேர் இருப்பாங்கன்னு சொல்லுவாங்கல்ல."

அக்கா சிரித்துக்கொண்டே உள்ளே போனார். தட்டு வந்தது. நோட்டுக்காரர் கரண்டியை எடுப்பதற்கு முன் என்னைப் பார்த்தார். "என்னோடது தனியா செஞ்சதுதானே?" என்று மெதுவாகக் கேட்டார். பக்கத்தில் இருப்பவர்களுக்குக் கேட்கக் கூடாதென்று அவருக்கு ஒரு கூச்சம். நான் தலையாட்டினேன். பேசக்கூட இல்லை.

அவருக்கு லேசாக முகம் வீங்கும், பயந்துபோய் இனிமேல் இந்தப் பக்கம் வரமாட்டார் என்று நினைத்தேன். இப்படித்தான் நினைத்தேன் என்று இந்த ஒன்பது நாளும் எனக்கு நானே சொல்லிக்கொண்டிருக்கிறேன். அப்படியென்றால் பையை ஏன் கீழே வைக்கச் சொன்னாய் என்று நீங்கள் கேட்டீர்கள். சரியான கேள்வி.

மாடிக்கடைப் படி குறுகல், இருபத்திரண்டு படி. பைகளோடு ஏறினால் இடிக்கும். அதனால் பைகளைக் கீழே வரிசையாக வைத்துவிட்டு ஏறுவது எங்கள் வழக்கம் என்று எட்டுப் பேரிடமும் சொன்னேன். எல்லாரும் மறுபேச்சில்லாமல் வைத்தார்கள். நோட்டுக்காரர் மட்டும் தயங்கினார், மூன்று முறை பையோடுதான் ஏறியிருக்கிறார். நான் பக்கத்தில் போய், "குடுங்க சார், நானே பத்திரமா வைக்கிறேன்" என்று கையிலிருந்து வாங்கிக்கொண்டேன். அப்படி ஒரு வழக்கம் கிடையாது மேடம். அன்று காலை பல் விளக்கும்போது எனக்குத் தோன்றியது அது.

மூன்று வாய் சாப்பிட்டிருப்பார். கரண்டியை ஓசைப்படாமல் தட்டில் வைத்தார். நல்ல பழக்கவழக்கம் உள்ளவர், அதை நான் மறுக்கவில்லை. கழுத்தில் கை வைத்தார். உதடு தடித்தது. அக்காவைப் பார்க்கவில்லை, பக்கத்தில் இருந்தவர்களையும் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தார். "பை" என்றார்.

நான் உடனே எழுந்து இறங்கினேன். எல்லாரும் அதைப் பார்த்தார்கள். பை மூன்றாவதாக இருந்தது, தேடவேண்டியிருக்கவில்லை. ஊசி வெளி அறையிலேயே இருந்தது. கையில் எடுத்துக்கொண்டு ஏறினேன். பாதிப் படியில் நின்றேன்.

அங்கே நின்று யோசித்தேன். பிழைத்தால் எழுதுவார். எழுதினால் என் ஆறு கடையும் போய்விடும். மேலே நாற்காலி விழுந்தது. யாரோ ஒரு பெண் தண்ணீர் தண்ணீர் என்று அழுதாள். அக்கா என்னைத் தம்பி, தம்பி என்று கூப்பிட்டார். அந்தக் குரல் எனக்கு இன்னும் கஷ்டமாகத்தான் இருக்கிறது. நான் சுவரில் சாய்ந்துகொண்டு, சத்தம் அடங்கும்வரை காத்திருந்தேன். அடங்கியதும் மிச்சப் படிகளை ஓடி ஏறினேன். நான் மூச்சு வாங்க ஓடிவந்ததாக ஆறு பேர் உங்களிடம் சாட்சி சொல்லியிருக்கிறார்கள். அதில் பொய்யில்லை.

ஆக, கையை மூடிக் காட்டியது நான். அக்காவிடம் பொய் சொன்னது நான். பையை அவரிடமிருந்து பிரித்துவைத்தது நான். ஊசியைக் கையில் வைத்துக்கொண்டு அவர் சாகும்வரை படியில் நின்றதும் நான்தான். கையெழுத்து எங்கே போட வேண்டுமோ அங்கே போடுகிறேன்.

இன்று காலை அந்த நோட்டை என் முன்னால் வைத்தீர்கள். கடைகளின் பெயர் இருக்கும், வழியின் படம் இருக்கும் என்று எதிர்பார்த்துத்தான் பிரித்தேன். ஒரு கடையின் பெயர்கூட இல்லை. பக்கத்துக்குப் பக்கம் ஆட்கள்தான். 'பச்சைச் சட்டைக்காரர் கேட்காமலேயே உப்பை நகர்த்தி வைத்தார்.' 'சுருட்டைமுடிப் பெண் என் ஊர் எது என்று கேட்டாள். ரொட்டிக்கடை அடுப்பின் கதையைச் சொன்னேன், ரசித்துக் கேட்டாள்.' 'இன்று ஏழு பேரோடு சாப்பிட்டேன்.' அவருடைய தங்கை உங்களிடம் சொன்னாராம், கடலைக்குப் பயந்து வருடக்கணக்காக வீட்டில் தனியாகவே சமைத்துத் தனியாகவே சாப்பிட்டாராம், பயமில்லாமல் நாலு பேரோடு சேர்ந்து சாப்பிட்டது என் சுற்றில் மட்டும்தானாம். இருக்கலாம். தங்கை என்று வந்தவரை யார் விசாரித்தார்கள் என்று எனக்குத் தெரியாது. சங்கேதமாகக்கூட எழுதியிருக்கலாம், நீங்கள் நன்றாகப் பார்க்கவேண்டும்.

ஒரே ஒரு வேண்டுகோள். மீன் வருவதற்குக் காத்திருந்தபோது அவர் எழுதிய கடைசிப் பக்கத்தை நீங்கள் அவசரமாகப் புரட்டிவிட்டீர்கள். நான் படித்தேன். 'இன்று வழிகாட்டி என் பையைத் தானே வாங்கிக்கொண்டார். முதல் முறையாக அவராகவே வந்து என்னிடம் பேசினார். என்னை அடையாளம் தெரிந்துகொண்டார் போலிருக்கிறது. நல்ல மனிதர்' என்று இருக்கிறது. என்னைப் பற்றி அவருக்கு எந்தப் புகாரும் இருக்கவில்லை என்பதற்கு அவர் கைப்படவே எழுதிய அத்தாட்சி அது. அந்தப் பக்கத்தையும் இதோடு சேர்த்து நீதிபதியிடம் கொடுங்கள்.