பச்சைப் பையில் போன எலும்புகள்

நவம்பர் மாதம். சனிக்கிழமை. பின்னேரம் நாலரை மணி... நாலரைக்கே கும்மிருட்டு. ஒஸ்லோவின் ஓரம், பியோர்ண்டால் மாடிவீடுகளைத் தாண்டி, காட்டு விளிம்போடு போகிற மண்பாதை. விளக்கு இல்லை. வாகனம் இல்லை. இரண்டு பக்கமும் அறுவடை முடிந்த வயல். அந்தப் பாதையில் இரண்டு பேர் ஓடுகிறார்கள். ஒருவர் கையில் துவக்கு.

யன்னல் பக்கம் இருப்பவர்கள் சீலையை இழுத்துவிட்டு இங்கே நெருங்கி வாருங்கள். பாதியில் எழுந்து தேத்தண்ணீர் போடப் போகக் கூடாது. பிறகு தனியே குசினிக்குப் போகப் பயம் என்று என்னைக் கூப்பிடவும் கூடாது.

முன்னால் ஓடுகிறவர் பேனாட். வெஸ்ட்லியில் பத்தாம் மாடியில் இருந்தவர், பஸ் ஓட்டுகிறவர். அந்த வருஷம்தான் வேட்டைப் பரீட்சை எழுதிப் பாஸாகி, கண்டவர்களுக்கெல்லாம் அந்த அட்டையைக் காட்டித் திரிந்தார். பின்னால் மூச்சு இளைக்க ஓடுகிறவர் அவருடைய மச்சான் பிலேந்திரன், என்னுடைய கூட்டாளி. அவருக்குப் பொய் சொல்ல வராது. வந்திருந்தால் எத்தனையோ இடத்தில் தப்பியிருப்பார்.

காட்டு வாத்துக் கூட்டங்கள் எல்லாம் ஏற்கெனவே தெற்கே போய்விட்டன. ஒரே ஒரு சோடி மட்டும் பிந்திவிட்டது. கொஞ்சம் முன்னம், வெளிச்சம் மங்குகிற நேரம், வயலுக்கு மேலே தாழப் பறந்தது. பேனாட் சுட்டார். பெட்டைக்குப் பட்டது... ஆனால் விழவில்லை. ஒரு சிறகை இழுத்துக்கொண்டு மேட்டைத் தாண்டிப் போனது. அந்தப் பக்கம் தொப்பென்று ஒரு சத்தம். ஆண் வாத்து மேலே சுற்றிச் சுற்றிக் கத்தியது. துருப்பிடித்த கேற்றைத் திறந்து திறந்து மூடுவது போல.

மேட்டுக்கு அந்தப் பக்கம் ஒரு பழைய மரவீடு. வாசலில் சின்ன வெண்கல மணி. ஊதுவத்தி மணம். சீனத்துப் புத்த கோயில் அது. ஒரு வயதான பிக்குணி தனியே இருந்து அதைப் பார்த்து வந்தார். முற்றத்தில் சப்பணமிட்டு உட்கார்ந்திருந்தார். மடியில் வாத்து. அதற்கு இன்னும் உயிர் இருந்தது.

பிக்குணியின் நொர்வேஜிய மொழி இவர்களுடையதை விடத் திறமில்லை. ஆகையால் எல்லாம் தெளிவாக விளங்கியது. அவருடைய ஊர்ப் பக்கத்தில் ஒரு பழைய கதை இருக்கிறதாம். பறந்துபோன கூட்டத்திலிருந்து ஒரு காட்டு வாத்து செத்துக் கோயில் முற்றத்தில் விழுந்ததாம். துறவிகள் அதை ஒரு பெரியவரை அடக்குவது போல அடக்கி, மேலே கோபுரம் கட்டினார்களாம். கோயில் முற்றத்தில் விழுந்த வாத்து ஒருவருக்கும் சொந்தமில்லை என்றார். காட்டு வாத்து சோடியாக வாழ்கிறது, ஒன்று போனால் மற்றது அதன் உடம்பைத் தேடும். இங்கே அடக்கினால் இங்கே வரும், கத்தும், பிறகு ஆறிப் போய்விடும். நீங்கள் கொண்டுபோனால், கொண்டுபோன இடத்துக்கு வரும். பஸ் நேரம் சொல்வது போலச் சொன்னார். வெருட்டவில்லை.

பேனாட் மரியாதையாகத் தலையாட்டினார். குனிந்தார். மடியிலிருந்த வாத்தைக் கழுத்தில் பிடித்துத் தூக்கி, அவர் கண் முன்னாலேயே இரண்டு முறுக்கு முறுக்கினார். கறக்... கறக். இரத்தம் பிக்குணியின் சாம்பல் நிற அங்கியில் தெறித்தது. பிலேந்திரனின் சப்பாத்திலும் தெறித்தது. வேட்டைச் சட்டப்படி இது தன்னுடையது என்றார் பேனாட். பிக்குணி அவரைப் பார்க்கவில்லை. மேலே பார்த்தார். மேலே சத்தம் நின்றிருந்தது.

பேனாட்டின் மனைவி அனஸ்ரேசியா. பிள்ளைகள் இல்லை. அவருக்கு அவ, அவவுக்கு அவர், அவ்வளவுதான். நவம்பர் கத்தோலிக்கருக்கு மரித்த ஆத்துமாக்களின் மாதம் அல்லவா... வீட்டில் மெழுகுதிரி கொளுத்தி வைத்திருந்த அனஸ்ரேசியா, இந்த மாதத்திலா இப்படி என்று முணுமுணுத்தா. ஆனாலும் ஞாயிற்றுக்கிழமை வறுத்த தூள் போட்டுப் பிரட்டல் கறி வைத்தா. மச்சான்மார் இருவரும் போத்தலோடு உட்கார்ந்து சட்டியை வழித்துச் சாப்பிட்டார்கள். அவ தொடவில்லை. கடைசியில் பேனாட் ஈரலை எடுத்துக் கொஞ்சிக் கொஞ்சித் தன் கையாலேயே ஊட்டிவிட்டார். ஒரு வாய். எலும்புகள் சாப்பாட்டுக் கழிவு போடுகிற பச்சைப் பைக்குள் போயின. ஒஸ்லோவில் அந்தப் பை எங்கே போகும் என்று உங்களுக்குத் தெரியும்தானே. தொழிற்சாலைக்குப் போய், அழுகிக் காஸாகி, அந்தக் காஸில் பஸ்ஸும் ஓடுமாம்.

திங்கள் நாலரை மணி. டொம்.

வரவேற்பறை யன்னல். கண்ணாடியில் விரிந்த இரண்டு சிறகின் அச்சு, மா அப்பியது போல. நடுவில் ஒரு சொட்டு இரத்தம். பத்தாம் மாடியில். செவ்வாய் நாலரை... டொம். டொம். புதன்கிழமை அந்த ஆண் வாத்து பல்கனியில் விழுந்தது, எழும்பியது, திரும்பப் போய் வேகமெடுத்து வந்து மோதியது. சொண்டு பிளந்துவிட்டது. ஈர இறகு நாற்றம் மூடிய கதவுக்குள்ளாலும் வந்தது. வியாழக்கிழமை பேனாட்டுக்குப் பொறுக்கவில்லை. பனி அள்ளும் சவளோடு பல்கனிக்குப் போனார். முதல் அடியில் சிறகு. இரண்டாவது அடி தலையில். மண்டை ஒரு பக்கம் உள்ளே போய், ஒரு கண் வெளியே தொங்கியது. அதற்குப் பிறகும் ஏழெட்டு அடி. ஒரு பையில் கட்டிக் கீழே குப்பைக்குள் போட்டுவிட்டு வந்து கை கழுவினார்.

வெள்ளி நாலரை மணி. டொம்.

மண்டை உள்ளே போனபடி. கண் தொங்கியபடி.

அன்றிரவு அனஸ்ரேசியா தன்னுடைய தாலியை இறுக்கிப் பிடித்துக்கொண்டு இருந்தா. வேதக்காரர், அதுதான் கிறிஸ்தவர்கள், கட்டுகிற தாலி, புறாப் பதித்தது. பயம் வந்தால் அந்தப் புறாவைப் பிடித்துக்கொள்வது அவவின் வழக்கம்.

"இஞ்சாருங்கோ, அது உங்களிட்டை வரேல்லை. என்னட்டைத்தான் வருது. அதின்ரை சோடி எனக்குள்ளை கிடக்கு."

"விசர்க் கதை கதையாதையும்."

"எலும்பையெண்டாலும் கொண்டுபோய் அந்தக் கோயில்லை குடுங்கோ. இல்லாட்டி நான் இருக்கமாட்டன்."

பேனாட் ஓம் என்றார். எலும்பு போய்விட்டது என்று சொல்ல அவருக்கு வாய் வரவில்லை. சொன்னால் அவ அந்த இடத்திலேயே உடைந்துபோவா என்று பயந்தார். அனஸ்ரேசியா மேல் அவருக்கு உயிர். அதில் ஒரு குறையும் சொல்ல முடியாது. ஆனால் அந்த மனிதர் என்ன செய்தார் தெரியுமா? சனிக்கிழமை காலையில் கடைக்குப் போய் ஐஸில் விறைத்த வாத்து ஒன்று வாங்கினார். வீட்டில் மணக்கும் என்று ஹொல்ம்லியாவில் பிலேந்திரனின் குசினியில் வைத்து அவித்தார். சதையை வழித்து எறிந்தார். எலும்புகளைத் துடைத்து வெள்ளைத் துணியில் சுற்றிக்கொண்டு கோயிலுக்குப் போனார்.

இதுதானா என்று பிக்குணி ஒரே ஒருமுறை கேட்டார். பேனாட் நெஞ்சில் கை வைத்து, இதுதான் என்றார். பிக்குணி எலும்புகளைச் சின்ன மரப்பெட்டியில் வைத்து, மூடி ஆணி அடித்தார். முற்றத்தில் புதைத்து, உருண்டைக் கல்லுகளை அடுக்கி, மணியை அடித்து ஓதினார். முடித்துவிட்டு வானத்தைப் பார்த்துக்கொண்டு நின்றார். வெகுநேரம் நின்றார்.

"வரவில்லையே," என்றார்.

ஞாயிறு, சத்தமில்லை. திங்கள், இல்லை. செவ்வாயும் இல்லை. பேனாட்டுக்குப் பெரிய நிம்மதி. அனஸ்ரேசியா மட்டும் சாப்பிடவில்லை. பொழுதுபட்டால் பல்கனிக் கண்ணாடியடியில் தெற்கே பார்த்து நின்றா.

புதன்கிழமை. வேலை முடிந்து பேனாட் வருகிறார். தேத்தண்ணீர் குடிக்கவென்று பிலேந்திரனும் கூட வருகிறார். கதவைத் திறந்தால்... வீடு பிரிட்ஜுக்குள் நுழைந்தது போலக் குளிர். மெழுகுதிரி சாய்ந்து சாய்ந்து எரிகிறது. ஈர இறகு நாற்றம். அதோடு கலந்து வறுத்த தூள் வாசம்.

பல்கனிக் கதவு திறந்திருந்தது. அனஸ்ரேசியா வெறுங்காலோடு பனிக்குள் நின்றா. கம்பியில் அது உட்கார்ந்திருந்தது. மண்டை பிளந்த அதே வாத்து. பிளந்த சொண்டால் அவவின் தலைமயிரை மெல்ல மெல்லக் கோதிக்கொண்டிருந்தது. அவ கழுத்தை நீட்டிக் காட்டிக்கொண்டு நின்றா. திரும்பிப் பேனாட்டைப் பார்த்தா. கோபமே இல்லை.

"எலும்பை மாத்திப்போட்டியள், என்ன?"

பேனாட் பாய்ந்தார். வாத்து திரும்பியது. ஒரு சிறகடி... கை எலும்பு முறிந்த சத்தம் பிலேந்திரனுக்கு வாசல்வரை கேட்டது. அடுத்த அடியில் யன்னல் கண்ணாடி முழுவதும் சிதறியது. சொண்டு பேனாட்டின் இடது கண்ணுக்குள் போய், எடுத்துக்கொண்டு வந்தது. அவர் விடவில்லை. மற்றக் கையால் மனைவியின் சட்டையைப் பிடித்தார், கிழிந்தது. தாலிக்கொடியைப் பிடித்தார். இரத்தத்தில் விரல் வழுக்கியது. கொடி கழுத்தோடு கம்பியைத் தாண்டிப் போனதைப் பிலேந்திரன் தன் கண்ணால் கண்டார்.

அவ கத்தவில்லை. இருட்டுக்குள் துருப்பிடித்த கேற்றுச் சத்தம் மட்டும் கேட்டது. ஒன்றல்ல, இரண்டு. பிறகு கீழேயிருந்து...

டொம்.

பனிக்குள் அவவின் கழுத்து பின்பக்கம் திரும்பியிருந்தது. இரண்டு முறுக்கு. கைக்குள் வாத்து, கல்லாய் விறைத்துப்போய். அது செத்துக் கிட்டத்தட்ட ஒரு கிழமை இருக்கும் என்று பொலிஸ்காரர் சொன்னார்கள். தாலிக்கொடியைக் காணவில்லை. பனியை அரித்தெடுத்துத் தேடியும் கிடைக்கவில்லை.

செத்தவீடு முடிந்து, டிசம்பரில், பேனாட் பிலேந்திரனையும் கூட்டிக்கொண்டு அந்தக் கோயிலுக்குப் போனார். ஒரு கண்ணில் கட்டு, ஒரு கையில் கட்டு. பிக்குணியின் முன்னால் விழுந்து அழுதார். பொய் சொன்னேன், அவவைக் காப்பாற்றவென்று பொய் சொல்லி நானே கொன்றுவிட்டேன் என்று அழுதார். பிக்குணி கல்லுகளைக் காட்டினார். பொய்யைத் தோண்டி எடுத்துக்கொண்டு போகச் சொன்னார்.

பேனாட்டால் முடியாது. பிலேந்திரன்தான் தோண்டினார். நிலம் உறைந்து இரும்பாய்க் கிடந்தது. பிக்கான் பட்ட இடமெல்லாம் பொறி பறந்தது. ஒரு மணித்தியாலத்துக்கு மேல் எடுத்தது. பெட்டியில் ஆணி அடித்தது அடித்தபடி இருந்தது. நெம்பித் திறந்தார்கள்.

கடை வாத்தின் எலும்புகள் அப்படியே கிடந்தன. அவற்றைச் சுற்றி இரண்டு முறுக்காய்த் தாலிக்கொடி. மேலே புறா.

பிலேந்திரன் கையுறையைக் கழற்றிவிட்டு அதைத் தூக்கினார். தூக்கிய கையை இன்றைக்கும் விரித்து விரித்துப் பார்ப்பார்... கொடி சூடாக இருந்ததாம். இப்போதுதான் கழுத்திலிருந்து கழற்றியது போல.