புளி கம்பெனி வழக்கும் ஜெபகுமாரி அம்மையாரும்

மேடையில் இருக்கும் சங்கத் தலைவர் அவர்களே, முன்வரிசையில் அமர்ந்திருக்கும் அம்மையாரின் மகள் ஜெனிலா அவர்களே, இந்தத் தூறலிலும் நடந்தே ஜமுனாமரத்தூர் வந்து சேர்ந்திருக்கும் என் புளி கம்பெனித் தோழர்களே, கனத்த மனசோடு உங்களுக்கு வணக்கம்.

நம் வழக்கறிஞர் ஜெபகுமாரி அம்மையார் இன்று நம்மோடு இல்லை.

யார் அவர்? கண்ணமங்கலத்துக்காரர். நமக்கு உறவா? ஊரா? ஒன்றுமில்லை. நம் சம்பளத்தில் பி.எஃப். என்று பிடித்த காசை முதலாளி கட்டவே இல்லை என்று தெரிந்தபோது, இது வெறும் பாக்கி இல்லை, ஜெயிலுக்குப் போகிற குற்றம் என்று முதலில் சொன்னவர் அவர்தான்.

குற்ற வழக்குப் போட பி.எஃப். அதிகாரி அனுமதி தர வேண்டும். தந்தார். நாம் என்ன செய்தோம்? வழக்கே ஜெயித்துவிட்டது என்று அம்மனுக்குக் கிடா வெட்டினோம்! அம்மையார் கறிச்சோறு தின்று, கை கழுவிவிட்டுத்தான் சொன்னார், வழக்கு இன்னும் ஆரம்பிக்கவே இல்லை என்று. சிரிக்கிறீர்களா? சிரியுங்கள். அவருக்கும் அது பிடிக்கும்.

அந்த அனுமதியை எதிர்த்து முதலாளி உயர் நீதிமன்றம் போனார். பார்த்தால், புளி கம்பெனிக்குப் போட்ட உத்தரவில் தோல் ஊறவைக்கும் தொட்டியைப் பற்றி எழுதியிருக்கிறது! வேறு எவனுடைய வழக்கையோ பார்த்து அப்படியே டைப் அடித்திருக்கிறார்கள். படிக்காமல் போட்ட கையெழுத்து என்று நீதிமன்றம் ரத்து செய்தது. நான் நீதிபதியைத் திட்டித் தீர்த்தேன். அம்மையார் ஒரு சொல் திட்டவில்லை. ரத்தானது அனுமதிதான், குற்றம் அப்படியேதான் இருக்கிறது என்றார். அந்த அதிகாரியின் வாசலில் போய் நின்றார், திரும்பத் திரும்ப நின்றார், அவர் எல்லாவற்றையும் தன் கண்ணால் படிக்கும்வரை நின்றார். புது அனுமதி வந்தது.

முதலாளி விட்டாரா? மறுபடியும் உயர் நீதிமன்றம். இந்த முறை, என்னை ஒரு வார்த்தை கேட்காமல் அனுமதி கொடுத்துவிட்டார்கள் என்று. அம்மையார் எழுந்தார். அனுமதி என்பது தீர்ப்பல்ல, விசாரணை நடக்கலாம் என்கிற சம்மதம் மட்டுமே, மனுதாரர் பேச வேண்டியதை எல்லாம் அங்கே பேசட்டும் என்றார். மனு தள்ளுபடி! வெளியே வந்ததும் என்னிடம் சொன்னார்: "ராஜவேலு, உங்க ஜனம் பண்ண தப்பத்தான் அவரும் பண்ணாரு. நீங்க கிடா வெட்னீங்க, அவரு பெரிய வக்கீல வெச்சாரு."

வருகிற திங்கட்கிழமை சாட்சி விசாரணை. நம் கன்னியம்மாள் முதல் சாட்சி. அதற்குள் அம்மையாரின் நெஞ்சு நின்றுவிட்டதே, இது என்ன கொடுமை!

அடக்கம் முடிந்த மறுநாளே கம்பெனி ஆள் மலையேறி வந்தான். இனிமேல் உனக்கு யார் இருக்கிறார்கள், பேசாமல் ஒதுங்கிக்கொள் என்று கன்னியம்மாளிடம் சொன்னான். நான் பக்கத்தில்தான் இருந்தேன். கன்னியம்மாள் புளியங்கொட்டை தட்டிக்கொண்டே கேட்டார்:

"செத்தது வக்கீலம்மா. சாட்சி நான் உசுரோட தானே கீறேன்?"

அவன் போய்விட்டான்.

தோழர்களே, திங்கட்கிழமை கன்னியம்மாள் கூண்டில் ஏறுவார். நாம் எல்லோரும் அந்தக் கோர்ட்டில் நிற்போம். இது இந்தச் சங்கம் அம்மையாருக்குக் கொடுக்கும் வாக்கு. ஜெனிலா அவர்களே, நீங்களும் வர வேண்டும். உங்கள் அம்மா உட்காரும் நாற்காலி காலியாக இருக்கும். அதைத் தனியாகப் பார்க்க எங்களுக்குத் தைரியம் இல்லை, தாயே.