அக்கா மாப்பிள்ளை

பொழுது சாய்வதற்குள் எழுதி முடித்துவிடலாம் என்றால் இந்த ஸ்டேஷன் பெஞ்சில் உட்காருகிறேன், ஐயா. நான் சீக்கிரம் படுத்துப் பழகியவன். யாரும் என்னைக் கூப்பிட்டு அனுப்பவில்லை. கடத்தூரிலிருந்து நானாகத்தான் நடந்து வந்தேன். என் மனைவி மாதம்மாள் இறந்தது பற்றி நீங்கள் எழுதிக்கொண்டு போனதில் ஒரு தப்பு இருக்கிறது. அதைத் திருத்த வேண்டும். அதற்கு என் கல்யாணத்திலிருந்து சொல்ல வேண்டியிருக்கிறது. பொறுத்துக்கொள்ளுங்கள்.

எனக்குச் சின்ன வயதிலிருந்தே மாலைக்கண். பகலில் மேட்டுக்காட்டில் மேய்கிற ஆட்டின் காது மடிந்திருப்பதுகூடத் தெரியும். விளக்கு வைக்கிற நேரம் வந்துவிட்டால் எதிரே நிற்பது ஆளா தூணா என்று சொல்ல முடியாது. என் அம்மா ஆட்டு ஈரலும் பொன்னாங்கண்ணிக் கீரையுமாகப் போட்டுப் பார்த்தாள். குணமாகவில்லை என்று தெரிந்ததும், மறைக்கச் சொல்லிக் கொடுத்தாள். கண் தெரியாதவனுக்கு யார் பெண் கொடுப்பார்கள்? பொழுதோடு சாப்பிட்டுப் படுத்துவிடுவேன். ஊரில் என்னைத் தூங்குமூஞ்சி என்றார்கள். அது எனக்குச் சம்மதம்தான்.

பொம்மிடிக்குப் பக்கத்தில் பெண் பார்த்தார்கள். உச்சி வெயிலில் போய் உச்சி வெயிலிலேயே திரும்பினோம். ஆனால் முகூர்த்தத்தை விடியற்காலை இருட்டில் வைத்துவிட்டார்கள். யுத்தம் தொடங்கிய வருஷத்துத் தை மாதம் அது. மாற்றச் சொன்னால் ஏன் என்று கேட்பார்கள். பந்தலுக்கு காஸ்லைட் வருகிறது, பகல் மாதிரி இருக்கும் என்று என் அக்கா சென்னம்மாள் தைரியம் சொன்னாள். அப்படியும் தெரியாவிட்டால் என்ன செய்வது என்பதற்கும் அவளே வழி வைத்திருந்தாள். மாப்பிள்ளையின் உடன்பிறந்தவள்தானே விளக்கைப் பிடித்துக்கொண்டு பெண்ணின் பின்னால் நிற்பாள், மிச்ச முடிச்சைப் போடுவாள்? "நான் வளையலக் குலுக்கறேன். சத்தத்துக்குக் கொஞ்சம் முன்னால கைய நீட்டு, புள்ள கழுத்து இருக்கும்" என்றாள். முந்தின நாள் கண்ணை மூடிக்கொண்டு பழகிக்கூடப் பார்த்தோம்.

கெட்டிமேளம் தொடங்குகிற சமயத்தில் காஸ்லைட்டின் மேண்டில் உதிர்ந்து வெளிச்சம் மங்கிவிட்டது. எனக்கு எல்லாம் கறுப்பாகிவிட்டது. வளையல் குலுங்கியது. கையை நீட்டினேன். நான் தடுமாறுவதைப் பார்த்த அக்கா பதறிப்போய், என் கையைப் பிடித்துவிடலாம் என்று பெண்ணின் தோளுக்கு மேலாகக் குனிந்திருக்கிறாள். தாலிக் கயிறு அவள் கழுத்தில் போய் விழுந்தது. நான் முடிச்சுப் போடத் தொடங்கிவிட்டேன்.

"டேய் தம்பி, நான்டா!" என்று அக்கா கத்தினாள்.

மேளம் நின்றது. பெண்ணின் தாய்மாமன் பச்சியப்பன்தான் முதலில் வாயைத் திறந்தார். "ஏனுங்க மாப்ள, அது உங்க அக்காங்க! எங்க புள்ள கீழ குந்தியிருக்குதுங்க!" என்றார். பந்தலே சிரித்தது. சமையல்காரர்கள் கரண்டியோடு ஓடி வந்து என்னவென்று கேட்டுவிட்டுச் சிரித்தார்கள். ஐயர் தாலியைக் கழற்றி, மஞ்சள் தண்ணீர் தெளித்து, மறுபடி என் கையில் கொடுத்தார். நான் கட்டினேன். யாரும் அதைப் பார்த்ததாகத் தெரியவில்லை.

அன்றிலிருந்து எனக்குப் பெயர் அக்கா மாப்பிள்ளை. சந்தையில் கத்தரிக்காய் விற்கிறவள்கூட அப்படித்தான் கூப்பிட்டாள். அக்கா வெட்கத்தில் எங்கள் வீட்டுப் பக்கம் வருவதையே குறைத்துக்கொண்டாள். ஆனாலும் ஐயா, மாப்பிள்ளை பயத்தில் உளறிவிட்டான் என்றுதான் ஊர் நினைத்தது. கண்ணைப் பற்றி யாருக்கும் சந்தேகம் வரவில்லை. முட்டாள் என்று பெயர் வாங்கியவன் வெயிலில் தலை நிமிர்ந்து நடக்கலாம். கண் போனவன் என்றால் கையைப் பிடித்துக் கூட்டிப்போவார்கள்.

மாதம்மாள் வந்த அன்றே கண்டுபிடித்துவிட்டாள். கண்டுபிடித்ததை ஒரு வார்த்தை சொல்லவில்லை. சோறு போட்டால் தட்டை என் கை படுகிற இடத்துக்குத் தள்ளி வைப்பாள். வாசலில் கட்டிலோ உரலோ வழியில் கிடக்க விடமாட்டாள். காட்டில் பொழுது இறங்கினால் சாட்டைக்குச்சியின் ஒரு முனையை என்னிடம் கொடுத்து, மறு முனையைப் பிடித்துக்கொண்டு முன்னால் நடப்பாள். எதிரே ஆள் வந்தால் குச்சியை விட்டுவிட்டு, என்னிடம் ஏதோ கேட்பதுபோலப் பேசிக்கொண்டே பக்கத்தில் வருவாள். இவ்வளவு நல்லவளோடு வாழ்வது எவ்வளவு சிரமம் என்று உங்களுக்குத் தெரியாது, ஐயா.

எனக்கு ஒன்றே ஒன்றுதான் தெரிய வேண்டியிருந்தது. "அன்னிக்கு நீயும் சிரிச்சயா?" என்று கேட்டேன்.

"இல்லீங்க."

"சிரிச்சன்னு சொல்லு. ஒண்ணும் பண்ணமாட்டேன்."

"சிரிக்கலீங்க. எனக்கு அழுகதான் வந்துது."

யாரை நினைத்து அழுகை? தன்னை நினைத்தா, என்னை நினைத்தா? எதுவானாலும் சிரித்திருந்தால் தேவலை. யுத்த காலம் முழுக்க இதையே கேட்டேன். அப்போது சீமெண்ணெய் கிடைக்காமல் ஊரே இருட்டில் முட்டிக்கொண்டு நடந்தது. எனக்கு அது நல்ல காலம். அவளும் அதே பதிலைத்தான் சொன்னாள். பொய்யென்றால் மாற்றிச் சொல்லியிருப்பாள் என்பீர்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. சிரிப்பை உள்ளேயே வைத்து வளர்க்கிறாள் என்றுதான் தோன்றியது.

போன மாதம் அக்கா மகளுக்குக் கல்யாணம். பகல் முகூர்த்தம், நான் தாராளமாக நடமாடினேன். பந்தியில் பச்சியப்பன் புது மாப்பிள்ளையிடம், "பாத்துக் கட்டுங்க, இவரு மாதிரி ஆள் மாறிப்புடாதீங்க" என்று பழைய கதையை எடுத்தார். நானும் எல்லோரோடும் சேர்ந்து சிரித்தேன், அதற்குப் பழகியிருந்தேன். அப்போது மாதம்மாள் பரிமாறிக்கொண்டிருந்த வாளியைத் தரையில் வைத்தாள்.

"போதுங்க மாமா. அவருக்கு மாலக்கண்ணுங்க. பொழுது சாஞ்சா ஒண்ணுந் தெரியாது. கண்ணு தெரியாத மனுசனப் பாத்து இத்தன வருசமாச் சிரிக்கறீங்களே, உங்களுக்கே நாயமா இருக்குதுங்களா?" என்றாள். அவள் கண்ணில் தண்ணீர் நின்றது.

சிரிப்பு அடங்கிவிட்டது. அதற்குப் பிறகு ஒருவரும் சிரிக்கவே இல்லை. பச்சியப்பன் என் பக்கத்தில் வந்து, "தெரியாமப் போச்சுங்க மாப்ள, மன்னிச்சுக்குங்க" என்றார். கை கழுவ எழுந்தேன். அந்த மத்தியான வெயிலில், என் முழங்கையை ஒருவர் பிடித்துக்கொண்டார். மறுநாள் சந்தையில் எனக்கு வழி விட்டார்கள். கத்தரிக்காய்க்காரி, "பாத்துப் போங்கண்ணா, கல்லு இருக்குது" என்றாள். அந்தக் கல் எனக்கு அரைக்கால் மைலிலிருந்தே தெரியும். வீடு வந்தேன். அம்மாவும் அக்காவும் நானும் சேர்ந்து கட்டிக் காத்ததை, ஒரு வாளிச் சாம்பாரைக் கீழே வைக்கிற நேரத்தில் அவள் உடைத்துவிட்டாள். உங்களுக்காகத்தானுங்க சொன்னேன் என்றாள். அவளுக்கு அதில் ஒரு சந்தோஷம்கூட இருந்தது.

மறு வாரம், கிணற்றில் கவலை ஓட்டித் தண்ணீர் இறைத்து முடித்து மாடுகளை அவிழ்த்துக் கட்டினேன். அவள் வழக்கம்போலக் கூட்டிப்போக வந்தாள். எங்கள் கிணற்றுக்குக் கைப்பிடிச் சுவர் கிடையாது. கோடையில் தண்ணீர் அடியில் கிடக்கும், சுற்றிலும் பாறை. சாட்டைக்குச்சியை எடுத்து நீட்டினாள். "புடிங்க, போலாங்க" என்றாள். இனிமேல் எதிரே ஆள் வந்தாலும் விட வேண்டியதில்லை என்று சொல்லிச் சமாதானமாகப் பேசினாள். நான் குச்சியைப் பிடித்தேன். பிடித்துத் தள்ளினேன். அவள் அந்த முனையை விடவில்லை, நான்தான் விட்டேன்.

ஊர் கூடியது. மணியக்காரர் என்னைக் கட்டிக்கொண்டு அழுதார். "பாவம், பொண்டாட்டி உழுந்ததுகூடத் தெரியாமக் குந்தியிருக்கறான்" என்றார்கள். நீங்களும் வந்து அப்படியே எழுதினீர்கள். கிளம்பும்போது என் தோளைத் தட்டி, இனி உன்னை யார் பார்த்துக்கொள்வார்கள் என்று கேட்டீர்கள். அதற்குப் பிறகு எனக்குத் தூக்கம் வரவில்லை. கொன்றதற்காக அல்ல. அது முடிந்த காரியம். குருடன் என்று சர்க்கார் காகிதத்தில் ஏறிவிட்டதே என்றுதான்.

ஆகையால் அந்த வரியை அடித்துவிடுங்கள், ஐயா. பொழுது அப்போது இன்னும் இறங்கவில்லை. சித்தேரி மலை மேல் வெயில் இருந்தது. நான் பார்த்துத்தான் தள்ளினேன். அவள் முகம் எனக்கு நன்றாகத் தெரிந்தது. அவள் சிரிக்கவில்லை.