பிறிங்க்மனின் தூண்டில் தடிகள்

பெயர்: சவிரிமுத்து அலோசியஸ். வயது: 36. பிறந்த இடம்: மன்னார் தீவு, இலங்கை. சமயம்: கத்தோலிக்கம். விவாகமானவர், ஒரு பிள்ளை. தொழில்: தளபாடக் களஞ்சியத் தொழிலாளி. முகவரி: லிண்டன்வீதி 41, மூன்றாம் மாடி, ஹம், ஜெர்மனி. பதிவு செய்த திகதி: 22 ஒக்டோபர் 1998, காலை 9.30.

எனக்கு டொச் (ஜெர்மன்) மொழி வேலைக்குப் போதுமான அளவு தெரியும். ஆனால் கோபம் வந்தால் டொச் வராது. ஆகவே இந்த வாக்குமூலத்தைத் தமிழில் தருகின்றேன். மொழிபெயர்ப்பாளர் திரு. ஞானசுந்தரம் நான் சொல்வதைச் சொன்னபடியே எழுத வேண்டும் என்றும், நான் கோபமாகச் சொன்னதைப் பணிவாக மாற்றக் கூடாது என்றும் தொடக்கத்திலேயே கேட்டுக்கொண்டேன். அவர் சம்மதித்தார்.

நான் 1990 ஆம் ஆண்டு நவம்பரில் ஜெர்மனிக்கு வந்து அகதி விண்ணப்பம் கொடுத்தேன். 1993 இல் அது ஏற்றுக்கொள்ளப்பட்டது. அதன் பின்னர் 1994 இல் என் மனைவி புஷ்பமலர் கொழும்பு வழியாக வந்து சேர்ந்தார். மகள் லவினியாவுக்கு மூன்று வயது. ஏழு வருடங்களாக ஒரே களஞ்சியத்தில் வேலை செய்கின்றேன். அங்கே என் மேற்பார்வையாளர் திரு. ஹோர்ஸ்ட் பிறிங்க்மன். மனைவியைக் கூப்பிடுவதற்கு வேலை உறுதிக் கடிதம் தேவைப்பட்டபோது அதை ஒரே நாளில் எழுதித் தந்தவர் அவர். மகள் பிறந்தபோது தன் பிள்ளைகள் படுத்த தொட்டிலைத் தன் காரில் கொண்டுவந்து மூன்று மாடி ஏற்றி வைத்தவரும் அவர்தான். அவரைக் கெட்ட மனிதர் என்று போன கிழமை வரை நான் யாரிடமும் சொன்னதில்லை.

கடந்த ஓகஸ்ட் மாதம் 21 ஆம் திகதி வெள்ளிக்கிழமை வேலை முடிந்து உடை மாற்றிக்கொண்டிருந்தபோது, தன் வீட்டுக்கு வர்ணம் பூசப் போவதாகவும், தன் தூண்டில் தடிகளை இரண்டு கிழமைக்கு என் வீட்டில் வைக்க முடியுமா என்றும் திரு. பிறிங்க்மன் கேட்டார். நான் ஓம் என்றேன். அதன் பின்னர் அவருடைய காரில் என் வீட்டுக்குப் போனோம். சாம்பல் நிறப் போர்வையில் சுற்றி, பழுப்பு நிற ஒட்டுநாடாவால் வரிந்து கட்டிய நீளமான பொதி ஒன்றை அவர் என் கையில் தந்தார். நான் அதைத் தூக்கிக்கொண்டு மேலே போய் எங்கள் கட்டிலுக்குக் கீழே தள்ளி வைத்தேன். நிலவறையில் ஈரம் கசியும், மற்றவருடைய பொருள் பழுதாகக் கூடாது என்பதற்காகவே அறைக்குள் வைத்தேன். அந்தக் கட்டிலில்தான் நாங்கள் மூவரும் படுக்கின்றோம்.

பொதியை ஏன் பிரித்துப் பார்க்கவில்லை என்று விசாரணை அதிகாரி திரு. வீலண்ட் என்னிடம் நான்கு தடவை கேட்டார். நான்கு தடவையும் ஒரே பதிலைச் சொன்னேன். ஐந்தாவது தடவையாக இங்கே சொல்கின்றேன். எங்கள் ஆட்கள் மற்றவர் தரும் பார்சலைப் பிரிக்க மாட்டார்கள். யாராவது கொழும்புக்குப் போகிறார் என்றால் ஊரில் உள்ள அத்தனை பேரும் அவரிடம் பார்சல் கொடுத்து விடுவார்கள். அவரும் வாங்கிக்கொண்டு போவார். உள்ளே என்ன என்று கேட்டால் கொடுத்தவரைக் கள்ளன் என்று சொன்னதற்குச் சமம். பிரித்துப் பார்த்தால், வாங்கியவர் தன்னைக் கள்ளன் என்று ஒத்துக்கொண்டதற்குச் சமம். என் மனைவி 1994 இல் பதினொரு பேருடைய பார்சல்களோடு பிராங்பேர்ட் விமான நிலையத்தில் இறங்கினார். இதெல்லாம் நீங்களே கட்டியதா என்று சுங்க அதிகாரி கேட்டதற்கு ஓம் என்று தலையாட்டி, யாரோ ஒருவருடைய கருவாட்டுக்காக இரண்டு மணித்தியாலம் நின்றவர் அவர். இது புத்திசாலித்தனம் என்று நான் சொல்லவில்லை. எங்கள் வழக்கம் இது என்று சொல்கின்றேன். வேலை தந்த மனிதருடைய பொதியை நான் எப்படிப் பிரிப்பேன்?

பொதி கனமாக இருந்தது உண்மை. தூண்டிலுக்கு இவ்வளவு கனமா என்று படியேறும்போது நினைத்ததும் உண்மை. கடற்கரையில் பிறந்தவனுக்கு இது தெரியாதா என்று திரு. வீலண்ட் கேட்டார். என் தகப்பன் வலை போட்டவர். ஜெர்மன்காரர் ஆற்றங்கரையில் கதிரை போட்டு உட்கார்ந்து எந்தத் தடியால் மீன் பிடிக்கிறார்கள், அது எத்தனை கிலோ என்று நான் எங்கே கண்டேன்?

இரண்டு கிழமை கடந்தது. அதன் பின்னர் மூன்று தடவை நான் திரு. பிறிங்க்மனிடம் பொதியைப் பற்றி ஞாபகப்படுத்தினேன். வர்ணம் இன்னும் காயவில்லை என்று சிரித்தார். நானும் சிரித்தேன்.

14 ஒக்டோபர் புதன்கிழமை காலை ஏழு மணிக்கு நான்கு பொலிசார் என் வீட்டுக்கு வந்தார்கள். மகளை எழுப்பிக் கதிரையில் இருத்திவிட்டுக் கட்டிலைத் தூக்கினார்கள். பொதியை மேசையில் வைத்து வெட்டினார்கள். உள்ளே இருந்தது ஒரு துப்பாக்கி. அதன் பின்னர் என்னையும், சாட்சியாக என் மனைவியையும், வீட்டில் விட ஆளில்லாததால் மகளையும் நிலையத்துக்குக் கொண்டுபோனார்கள். மகள் இரவு உடுப்போடுதான் வந்தாள்.

நிலையத்தில் எனக்குச் சொல்லப்பட்டது பின்வருமாறு. அந்தத் துப்பாக்கி அரைத் தானியங்கி வகையைச் சேர்ந்தது. ஒவ்வொரு தடவை விசையை அழுத்தும்போதும் ஒரு குண்டு போகும், அடுத்த குண்டு தானாக ஏறும். திரு. பிறிங்க்மன் துப்பாக்கிச் சுடும் சங்கத்தில் இருப்பவர், உரிம அட்டை வைத்திருந்தவர். குடித்துவிட்டு வாகனம் ஓட்டி இரண்டு தடவை தண்டிக்கப்பட்டதால் இனி அவர் நம்பத்தகுந்தவர் அல்ல என்று ஆயுத அலுவலகம் அவருடைய அட்டையைப் பறித்தது. மூன்று துப்பாக்கிகளையும் ஒப்படைக்க வேண்டும், அல்லது உரிமம் உள்ள ஒருவருக்குக் கைமாற்ற வேண்டும் என்று நான்கு கிழமைத் தவணை கொடுத்துக் கடிதம் அனுப்பியது. இரண்டை அவர் ஒப்படைத்தார். மூன்றாவதுக்கு இன்னொரு கடிதம் அனுப்பினார்கள். அதற்கும் பதில் இல்லாமல் போக, வீட்டு மணியை அடித்துக் கேட்டார்கள். அப்போது அவர், அலோசியஸ் ஆசைப்பட்டுக் கேட்டதால் கொடுத்தேன், அவன் தன் நாட்டில் போராளியாக இருந்தவன், துப்பாக்கி பற்றி என்னைவிட அவனுக்குத் தெரியும் என்று சொல்லியிருக்கிறார்.

இந்தச் சட்டத்தில் எனக்குக் குறை இல்லை. வீட்டில் துப்பாக்கி வைப்பதற்குக் காரணம் காட்டு, குடிகாரனானால் திருப்பித் தா என்று கேட்கிற அரசாங்கம் நல்ல அரசாங்கம். எங்கள் நாட்டில் யாரும் யாரிடமும் அப்படிக் கேட்கவில்லை. என் கோபம் வேறு. துப்பாக்கிக்குச் சொந்தக்காரருக்கு இரண்டு கடிதம், நான்கு கிழமை, வாசல் மணி. எனக்கு மூன்று வயதுப் பிள்ளையின் கட்டிலைத் தூக்குகிற நான்கு பேர். இதை எழுதுங்கள் என்று சொன்னேன். எழுதினார்கள்.

அதன் பின்னர் திரு. வீலண்ட் ஒரு பழைய கோப்பைத் திறந்தார். அது 1990 இல் நான் கொடுத்த அகதி விசாரணைப் பதிவு. மனைவி பக்கத்தில் உட்கார்ந்திருக்கும்போதே அதைத் திரு. ஞானசுந்தரம் தமிழில் வாசித்தார். நான் ஓர் ஆயுதக் குழுவில் மூன்று மாதம் இருந்ததாகவும், துப்பாக்கியுடன் வீதித் தடையில் நின்றதாகவும், இரண்டு தடவை சுட்டதாகவும், பின்னர் தப்பியோடியதால் இராணுவம், குழு என்ற இரு தரப்பும் என்னைத் தேடுவதாகவும் அதில் இருந்தது. மூன்று மாதம் துப்பாக்கி தூக்கியவனுக்குப் போர்வைக்கு மேலாலேயே அதன் கனம் பிடிபடும், ஆகவே தெரியாது என்று சொல்வதை நம்ப முடியாது என்று திரு. வீலண்ட் சொன்னார்.

என் மனைவியின் தம்பி பென்ஜமினை 1991 இல் மன்னார் வீதியில் ஒரு தடையில் சைக்கிளால் இறக்கிச் சுட்டார்கள். சுட்டவர்கள் எந்தப் பகுதி என்று இன்றுவரை தெரியாது. துப்பாக்கி வைத்திருந்தவர்கள் என்பது மட்டும்தான் தெரியும். அன்று அந்த அறையில் என் மனைவி அழவில்லை. மகளின் இரவு உடுப்புப் பொத்தானைக் கழற்றிக் கழற்றிப் பூட்டிக்கொண்டிருந்தார். பின்னர் என்னைப் பார்த்து ஒன்றே ஒன்று கேட்டார். “எத்தினை பேரைச் சுட்டனீங்கள்?”

பொலிசார் பார்த்துக்கொண்டிருந்ததால் நான் பதில் சொல்லவில்லை. அது என் மடைத்தனம். பின்னேரம் என்னை விட்டார்கள். வீட்டுக்குப் போனபோது மனைவியும் மகளும் இல்லை. கட்டில் மெத்தை சுவரோடு நிமிர்த்தி வைக்கப்பட்டிருந்தது. பிராங்பேர்ட்டில் இருக்கும் அவருடைய அக்கா டெல்சிக்குத் தொலைபேசி எடுத்தேன். “அவள் உம்மோட கதைக்க மாட்டாளாம். பிள்ளை சாப்பிட்டுப் படுத்திட்டுது, யோசியாதையும்” என்றார். அதன் பின்னர் தினமும் எடுத்தேன். தினமும் அதே பதில்.

1990 இல் நடந்த உண்மையைச் சொல்கின்றேன். நான் எந்தக் குழுவிலும் இருக்கவில்லை. என் கையில் ஒருநாளும் துப்பாக்கி இருந்ததில்லை. அந்த வருடம் ஜூன் மாதம் நானும் அண்ணன் சூசைதாசனும் கரையில் வலை காய வைத்துக்கொண்டிருந்தபோது பீரங்கிச் செல் விழுந்தது. நான் தண்ணீர் எடுக்கப் போயிருந்தேன். திரும்பி வந்தபோது அண்ணனின் முகத்தை வலைக்குள்ளிருந்து எடுக்க வேண்டியிருந்தது. அதற்குப் பிறகு அந்தக் கரையில் எனக்கு நிற்க முடியவில்லை. நான் ஜெர்மனிக்கு வந்ததன் காரணம் அவ்வளவுதான்.

அகதி முகாமில் சிற்றம்பலம் என்று ஒருவர் இருந்தார். ஊரில் நீதிமன்ற எழுதுவினைஞராக இருந்தவர். விசாரணைக்குப் போகிற எல்லோரும் அவரிடம் கேஸ் எழுதுவித்துக்கொண்டு போவது வழக்கம். நான் அண்ணனின் கதையைச் சொன்னேன். அவர் பேனையைக் கீழே வைத்துவிட்டு, “தம்பி, செல் எல்லாருக்கும் விழுந்ததுதான். அதுக்கு இவங்கள் அகதி அசூல் தரமாட்டாங்கள். உம்மையெண்டு தனியத் தேட வேணும்” என்றார். “நான் ஒண்டும் செய்யேல்லையே அண்ணை” என்றேன். “அதுதான் பிழை” என்றார். அதன் பின்னர் அவர் எழுதித் தந்ததைப் பாடமாக்கி விசாரணையில் ஒப்புவித்தேன். துப்பாக்கியை எந்தத் தோளில் போட்டீர் என்று கேட்டார்கள். இடது தோள் என்றேன். எனக்கு அது முன்பின் தெரியாது.

அந்த அதிகாரிகள்மீதும் எனக்குக் கோபம் உண்டு. செல் பெயர் கேட்டு விழுவதில்லை. செத்துப்போன அண்ணனுக்காக ஒருவனை உள்ளே விட மாட்டீர்கள், வீதியில் நின்று சுட்டேன் என்றால் விடுவீர்கள். எட்டு வருடமாக இதை நான் மனைவிக்குச் சொல்லவில்லை. கேஸ்தானே, தாள்தானே என்று இருந்துவிட்டேன். அந்தக் கோபம் என்மீதுதான்.

இதைச் சொல்லத் தொடங்கியபோது திரு. வீலண்ட் எழுதுவதை நிறுத்தச் சொன்னார். அகதி விடயம் தன் வேலை அல்ல, ஆனால் எழுதினால் உரிய அலுவலகத்துக்கு அனுப்பத்தான் வேண்டும், அவர்கள் என் அங்கீகாரத்தைத் திரும்பப் பெறக்கூடும் என்றார். அதற்குப் பதிலாகப் பொதியில் என்ன இருந்தது என்று தெரியும் என ஒத்துக்கொண்டால், இது முதல் குற்றம், அநேகமாகச் சிறைக்குப் போக வேண்டி வராது, கடவுச்சீட்டும் என்னிடம் இருக்கலாம் என்றார். அவர் எனக்கு நன்மை நினைத்துத்தான் சொன்னார் என்று நினைக்கின்றேன். திரு. ஞானசுந்தரமும் பேனையைப் பிடித்தபடி, “அண்ணை, ஒருக்கா யோசிச்சுச் சொல்லுங்கோ. குடும்பம் இருக்கு” என்றார்.

“குடும்பம் இருக்கெண்டுதான் சொல்லுறன். எழுதுங்கோ” என்றேன்.

இந்த வாக்குமூலத்தின் தமிழ்ப் பிரதி ஒன்றை என் மனைவிக்கு அனுப்பும்படி கேட்டேன். அதற்கு விதியில் இடமில்லை என்றார்கள். எனக்குரிய பிரதியை நான் வாங்கி, இன்றே பதிவுத் தபாலில் பிராங்பேர்ட்டுக்கு அனுப்புவேன். ஆகவே அடுத்த வசனத்தை எழுத மறுக்க வேண்டாம் என்று கேட்டுக்கொண்டேன். புஷ்பமலர், ஒருவரையும் இல்லை.

இதில் உள்ள ஒவ்வொரு சொல்லும் நான் சொன்னது. எனக்குத் தமிழில் வாசித்துக் காட்டப்பட்டது. ஒரு சொல்லையும் மாற்ற நான் கேட்கவில்லை. இதனால் வரக்கூடியது என்ன என்று எனக்கு விளக்கப்பட்டது, விளங்கியது. 1990 இல் நான் ஒப்பமிட்ட தாளில் இருந்தது பொய், இதில் இருப்பது உண்மை என்று தெரிந்தே கையொப்பம் இடுகின்றேன்.

ச. அலோசியஸ்

மொழிபெயர்ப்பாளர்: ஞானசுந்தரம்
பதிவு செய்தவர்: வீலண்ட், விசாரணை அதிகாரி